அம்மாவின் ஒரே படம்

செல்லில் படம் எடுப்பதற்காகப் பேத்தி என் முகத்தில் பவுடர் பூசிவிட்டாள். அந்த வாசனை, ஜெயங்கொண்டத்தில் இப்போது இல்லாத போட்டோ ஸ்டுடியோவுக்கு என்னை இழுத்துக்கொண்டு போய்விட்டது. புழுங்கும் அறை, வருகிறவர்கள் எல்லாரும் பூசிக்கொள்ளும் ஒரே பவுடர் டப்பா, தலைவாரும் ஒரே சீப்பு, பின்னால் தொங்கும் திரையில் வரைந்த தாமரைக்குளம். முந்திரிக்கொட்டை உடைத்துக் கறுத்துப்போன விரல்களை முந்தானைக்குள் ஒளித்துக்கொண்டு அம்மா அதன் முன்னால் உட்கார்ந்தாள்.

"இந்தக் கொளத்துல துணி தொவைக்கலாமாங்க?" என்று கேட்டு அவளே குலுங்கிச் சிரித்தாள்.

"சிரிச்சா படம் ஆடிப்போயிரும். வாய மூடி மூச்ச அடக்குங்கம்மா" என்று போட்டோக்காரர் அதட்டினார். அம்மா அடக்கினாள்.

அவளுக்கு இருப்பது அந்த ஒரு படம்தான். கூடத்தில் மாலையோடு தொங்குகிறது. அதைப் பார்த்துத்தான் பேத்தி இன்று கேட்டாள்: "உங்கம்மா ரொம்பக் கோவக்காரங்களா அம்மாயி?"

இல்லை, எந்நேரமும் சிரித்துக்கொண்டிருப்பாள் என்று சொல்லிவிட்டேன். சொன்னதிலிருந்து மனசு ஒரு இடத்தில் நிற்கவில்லை. கண்ணை மூடி அந்தச் சிரிப்பைத் தேடினால், படத்திலுள்ள இறுகிய முகமே குறுக்கே வந்து நிற்கிறது. சிரிக்கும்போது அவள் கன்னத்தில் குழி விழுமா, விழாதா? கேட்டுத் தெரிந்துகொள்ளலாம் என்றால், அவளைப் பார்த்தவர்களில் இப்போது உயிரோடு இருப்பவள் நான் ஒருத்திதான்.