விசாலாக்ஷியின் பொது ஃபோல்டர்

மராத்தி பேசினால் கை ஆடும், தமிழ் பேசினால் தலை ஆடும் என்று விசாலாக்ஷியை அவள் கணவன் முகுந்த் கேலி செய்வான். அவள் புனே பக்கத்துத் தாபோடியில் பிறந்து வளர்ந்தவள். அப்பாவுக்கு அங்கே ராணுவப் பொறியியல் கல்லூரியில் வரைபடப் பிரிவில் வேலை. வீட்டுக்குள் தஞ்சாவூர்த் தமிழ், வாசலைத் தாண்டினால் மராத்தி. இரண்டும் அவள் நாக்கில் சண்டையில்லாமல் குடியிருந்தன.

கணிதத்தில் பட்டம் வாங்கிய கையோடு, தொண்ணூறுகளின் நடுவில், பிம்ப்ரியில் ஒரு கம்பெனியின் கணினிப் பிரிவில் சேர்ந்தாள். இரண்டாயிரம் பிறந்தால் கம்ப்யூட்டர்களுக்கெல்லாம் தேதி குழம்பிவிடும் என்று ஊரே பயந்துகொண்டிருந்த சமயம். யாரோ எப்போதோ எழுதிவிட்டுப் போன புரோகிராம்களைப் பிரித்துப் பார்த்துச் சரிசெய்யும் வேலை அவள் தலையில் விழுந்தது. விழுந்தது என்று மற்றவர்கள்தான் சொன்னார்கள். அவளுக்கோ அது பிடித்துப்போயிற்று. எது எதை நம்பி நிற்கிறது என்று தேடிக் கண்டுபிடித்தால் அன்று முழுக்க முகத்தில் சிரிப்பு இருக்கும்.

சாகணில் ஒரு தொழிற்சாலையில் இஞ்சினியராக இருந்த முகுந்தைக் கல்யாணம் செய்துகொண்டு வாகட்டுக்குக் குடிவந்தாள். ஹிஞ்சவாடியில் ஒரு சாஃப்ட்வேர் கம்பெனியில் வேலை கிடைத்தது. சாகணில் உதிரிபாகம் செய்யும் வேறொரு பெரிய ஆலைக்காக ஏழு வெப் அப்ளிகேஷன்களைப் பார்த்துக்கொள்வது அவள் குழுவின் பொறுப்பு. ஆர்டருக்கு ஒன்று, ஸ்டோருக்கு ஒன்று, லாரிகளை வெளியே அனுப்ப ஒன்று என்று ஏழு. குழுத் தலைவர் ரங்கராஜன், சென்னைக்காரர், நல்ல மனிதர். ஆனால் ஓடிக்கொண்டிருக்கும் எதையும் தொடக்கூடாது என்பது அவர் கொள்கை.

ஏழும் ஒரே சர்வரில்தான் ஓடின. ஆனாலும் ஒவ்வொன்றும் தனிக்குடித்தனம். அச்சடிக்க, கணக்குப் போட, மெயில் அனுப்ப உதவும் லைப்ரரி ஃபைல்களை ஏழும் தனித்தனியாக வைத்திருந்தன. டேட்டாபேஸ் எங்கே இருக்கிறது, பக்கத்தின் தலைப்பில் என்ன எழுத வேண்டும் என்று சொல்லும் ஃபைலும் ஏழு இடத்தில். ஏதாவது ஒன்றை மாற்றினால் ஏழு இடத்திலும் மாற்ற வேண்டும். ஆலைக்கு ஞாயிறுதான் விடுமுறை என்பதால் மாற்றும் வேலையும் ஞாயிற்றுக்கிழமைதான். எவ்வளவு கவனமாகச் செய்தாலும் ஒன்று விட்டுப்போகும். திங்கட்கிழமை காலையில் ஆலை கேட்டில் லாரிகள் வரிசைகட்டி நிற்கும்.

2006 மழைக்காலத்தில், எதிர் ஃபிளாட் ராஜஸ்ரீ அவளை ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆற்றங்கரை மைதானத்துக்கு இழுத்துக்கொண்டு போனாள். கணபதி ஊர்வலத்தில் வாசிக்கும் டோல்-தாஷா மேளக் குழு அங்கே பயிற்சி செய்துகொண்டிருந்தது. சரிபாதிப் பேர் பெண்கள்.

"யே நா விசாலா, சும்மா கட்டிப் பாரு!" என்றாள் ராஜஸ்ரீ மராத்தியில்.

டோலை இடுப்பில் இறுக்கிக் கட்டிவிட்டார்கள். வலது கையில் ஒரு குச்சி, இடது பக்கம் வெறும் உள்ளங்கை. முதல் அடி தப்பு. இரண்டாவதும் தப்பு. பிறகு எங்கேயோ பக்கத்து டோலின் அடியோடு அவள் அடியும் போய் ஒட்டிக்கொண்டது. நெஞ்சுக்கூடே அதிர்ந்தது. வீட்டுக்கு வந்து தோசைக்கல்லின்மேல் கரண்டியால் தட்டிக்கொண்டே இருந்தாள்.

"சேர்ந்துடேன்" என்றான் முகுந்த்.

"ஞாயித்துக்கிழமைதானே பிராக்டீஸ்? எனக்கு ஆபீஸ் இருக்கே."

"ஆபீஸ ஏதாவது பண்ணு. குக்கர் நான் வெக்கறேன்."

மறுநாளே ரங்கராஜன் முன்னால் போய் நின்றாள்.

"சார், ஏழுக்கும் பொதுவா ஒரே ஃபோல்டர் வெச்சுடலாம். லைப்ரரி ஃபைலெல்லாம் அதுல. செட்டிங்ஸ் ஃபைலும் அதுலயே. ஏழையும் அதப் பாக்கச் சொல்லிட்டா, ஒரு எடத்துல மாத்தினா போறும்."

"ஓடிண்டிருக்கறத ஏம்மா தொடணும்? அந்த ஒண்ணுல தப்பு வந்தா ஏழும் படுத்துடுமே?"

"ஏழும் படுத்தா ஒடனே தெரிஞ்சுடும் சார். இப்போ ஒண்ணு மட்டும் படுத்துக்கறது. அது எதுன்னு நாம தேடறதுக்குள்ள லாரிக்காரன் ஹாரன் அடிக்க ஆரம்பிச்சுடறான்."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "மொதல்ல டெஸ்ட் சர்வர்ல பண்ணிக் காமி" என்றார்.

கோயம்புத்தூரிலிருந்து புதிதாக வந்திருந்த ப்ரீத்தியும் அவளோடு உட்கார்ந்தாள். ஆறு அப்ளிகேஷன்கள் சொன்ன பேச்சுக் கேட்டன. லாரி அனுப்பும் அப்ளிகேஷன் மட்டும் வெள்ளைப் பக்கத்தைக் காட்டிவிட்டு நின்றுவிட்டது. ஏழிலும் அதுதான் பழையது. அச்சடிக்கும் லைப்ரரியின் பழைய பதிப்பு இருந்தால்தான் அது வேலை செய்யும். சர்வரோ முதலில் பொது ஃபோல்டரைப் பார்த்து, அங்கிருந்த புதிய பதிப்பை எடுத்துக் கொடுத்துவிட்டது. இதைக் கண்டுபிடிப்பதற்குள் இருவரும் ஏகப்பட்ட டீ குடித்திருந்தார்கள்.

"என்னங்க விசாலா, இது ஒண்ணுக்காக எல்லாத்தையும் பழசுக்குத் திருப்பணுமா?" என்று ப்ரீத்தி சோர்ந்துபோய்க் கேட்டாள்.

"எதுக்கு? இதுக்கு மட்டும் வரிசைய மாத்துவோம். மொதல்ல தன்னோடத பாக்கட்டும், அங்க இல்லேன்னா பொதுல தேடட்டும். ரொம்ப முறுக்கிக்கறது, அது தன் டிபன் டப்பாலேர்ந்தே சாப்பிட்டுக்கட்டும்."

சர்வரில் அந்த ஒரு அமைப்பை மாற்றி மறுபடி ஓடவிட்டதும் பக்கம் வந்துவிட்டது. ப்ரீத்தி நாற்காலியோடு ஒரு சுற்றுச் சுற்றினாள். பொது ஃபைலில் மாற்றியது ஏழுக்கும் போய்ச் சேருகிறதா என்று பார்க்க, தலைப்பு வரியில் ஊர்வலக் கோஷமான 'கணபதி பாப்பா மோரியா' என்று விசாலாக்ஷி தட்டினாள். ஏழு பக்கங்களிலும் பாப்பா மோரியா. இருவரும் கைதட்டிய சத்தத்தில் பக்கத்துக் குழு எட்டிப்பார்த்தது.

விநாயக சதுர்த்திக்குச் சில நாள் முந்தைய ஞாயிற்றுக்கிழமை காலையில் பொது ஃபோல்டரை ஆலையின் சர்வருக்கு நகல் எடுத்துவைத்தாள். நிறுத்தி, மறுபடி ஓடவிட்டு, ஆர்டர் வருகிறதா, சரக்குக் கணக்கு சரியா, லாரிச் சீட்டு அச்சாகிறதா என்று பார்த்தாள். எல்லாம் சரி. வெயில் ஏறுவதற்குள் ஆற்றங்கரைக்குப் போய்விட்டாள். அன்று அவள் வாசித்த வாசிப்பைப் பார்த்து, ஊர்வலத்தில் முன்வரிசையில் நில் என்று சொல்லிவிட்டார்கள்.

திங்கட்கிழமை ரங்கராஜன் அவளைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். மேஜைமேல் ஃபோன் ஸ்பீக்கரில் இருந்தது. ஆலையின் ஸ்டோர் மேனேஜர் லூர்துசாமி, தூத்துக்குடிக்காரர், பேசிக்கொண்டிருந்தார்.

"என்ன சார் இது, எந்தப் பக்கத்தத் தொறந்தாலும் பாப்பா மோரியாங்குது?"

விசாலாக்ஷிக்கு அப்போதுதான் உறைத்தது. ஒரு வாரமாக அந்தத் தலைப்பையே பார்த்துப் பழகிய கண். நேற்று ஏழு பக்கங்களிலும் எண்களைத்தான் பார்த்தது, தலைப்பைப் பார்க்கவில்லை.

"சார், அது டெஸ்டுக்காக நான்தான்..." என்று தொடங்கினாள்.

"இருங்கம்மா, நான் சொல்லி முடிச்சிக்கிடுதேன். கேட்ல சீட்டு வாங்க வந்த டிரைவர் ஒருத்தன் ஸ்கிரீனப் பாத்துட்டு 'மோரியா'ன்னு கத்துனான். பின்னாலயே அத்தன டிரைவரும் கத்துதாங்க! எங்க பெரிய மேனேஜர் சிரிச்சிக்கிட்டே எறங்கி வந்து பாத்தாரு. ஏழுலயும் ஒண்ணுபோல வாழ்த்துப் போட்டுட்டாங்களே, இதுக்கு முன்னால ஒரு ஃபோன் நம்பர் மாத்தவே மாசக்கணக்காச்சேன்னு கேக்காரு. எடுத்துராதீய. விசர்ஜன் வரைக்கும், பிள்ளையாரக் கரைக்கிற வரைக்கும் கெடக்கட்டும்."

ஃபோன் வைக்கப்பட்டது. ரங்கராஜன் அவளையே பார்த்தார்.

"இத எடுக்க எவ்ளோ நேரம் ஆகும்?"

"ஒரே ஒரு வரி சார். ஏழுக்கும் சேத்து."

அவருக்கு உதடு துடித்தது. அடக்கிப் பார்த்தார், முடியவில்லை. அந்த அறையில் அப்படியொரு சிரிப்பை யாரும் கேட்டதில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இனிமே எதையும் காப்பி பண்றதுக்கு முன்னாடி இன்னொருத்தர் ஒரு தடவ பாக்கணும். புரிஞ்சுதா?" என்றார்.

"புரிஞ்சுது சார்."

"அப்போ விசர்ஜன் அன்னிக்கு லீவு எடுத்துக்கோ."

விசர்ஜனத்தன்று வெள்ளைக் குர்த்தாவும் காவித் தலைப்பாகையுமாக அவள் முன்வரிசையில் நின்றாள். தெரு முழுக்கக் குலால் பொடி பறந்தது. மாடிகளிலிருந்து பூ விழுந்தது. மழை ஒரு பாட்டம் வந்து போனது, யாரும் நிறுத்தவில்லை. உள்ளங்கை சிவந்து கன்றிப்போனதே அவளுக்குத் தெரியவில்லை. நடைபாதையில் கூட்டத்தோடு கூட்டமாக முகுந்த், ப்ரீத்தி, அவர்களுக்குப் பின்னால் ரங்கராஜனும் அவர் மனைவி லலிதாவும் நின்றிருந்தார்கள். லலிதா செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு ஊர்வலத்துக்குள்ளேயே புகுந்துவிட்டார்.

அடுத்த சில வருஷங்களில் கம்பெனியின் மற்றக் குழுக்களும் பொது ஃபோல்டருக்கு மாறின. எங்கே வரிசையை மாற்ற வேண்டும், எங்கே கூடாது என்று சொல்ல விசாலாக்ஷியைத்தான் கூப்பிடுவார்கள். அவளும் ஓடிப்போவாள். ஞாயிற்றுக்கிழமை மட்டும் கூப்பிட மாட்டார்கள். அன்று அவள் ஆற்றங்கரையில் இருப்பாள். அவளுக்கு இடப்பக்கம் லலிதா டோலைக் கட்டிக்கொண்டு நிற்பார். அடி தப்பும்போதெல்லாம் உரக்கச் சிரிப்பார். ரங்கராஜன் தண்ணீர் பாட்டிலோடு மரத்தடியில் உட்கார்ந்து, தாளத்துக்குத் தொடையில் தட்டிக்கொண்டிருப்பார்.