அமில்காரே தொசெத்தியின் இரவல் குரல்

அமில்காரே தொசெத்தி எத்தனையோ படங்களில் பேசி நடித்திருக்கிறார். ஆனால் எந்தக் கொட்டகையிலும் அவருடைய சொந்தக் குரலை யாரும் கேட்டதில்லை. ரோமில் நான் வேலைக்காரி வேஷம் கட்டிக்கொண்டிருந்த நாட்களில் அவர் வக்கீலாக, பாதிரியாராக, கோபக்கார மாமனாராக வந்துபோவார். ஆறடி உடம்பு, அகன்ற கழுத்து. ஊமைப் படத்துக்கு அது போதுமாக இருந்தது. படம் பேசத் தொடங்கியதும்தான் வம்பு வந்தது. அந்த உடம்புக்குள்ளிருந்து, சொந்த ஊரான ஃபெராராவின் கொச்சையில் ஒரு கீச்சுக்குரல் வந்தது. முதல் நாளே விளக்குப் பிடிப்பவர்கள் சிரித்துவிட்டார்கள்.

அதனால் அவருக்கு எட்சியோ பிராந்தானி குரல் கொடுத்தார். ஒரு கால் ஊனமான, ஒல்லியான மனிதர். குரல் மட்டும் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் இருக்கும். நீளமான வசனத்துக்கு முன்னால் இரண்டு தரம் கனைத்துக்கொள்வார். ஒலிப்பதிவாளர் குவால்தியேரோ அந்தக் கனைப்பை வெட்டி எறிந்துவிடுவார். படப்பிடிப்பு ஊரின் ஒரு மூலை, குரல் பதிவு ஆற்றுக்கு அக்கரை. நான் இரண்டு இடத்திலும் வேலை பார்த்தேன். அவர்கள் இருவரும் சந்தித்ததே இல்லை.

ஒருநாள் கொட்டகையில் என் பக்கத்தில் உட்கார்ந்து தன் படத்தைப் பார்த்தார் அமில்காரே. “இனெஸ், அந்த ஆளு பேசுறப்ப என் தொண்ட அசையுது. தொட்டுப் பாரு” என்றார். விளையாட்டாகத் தொட்டேன். அசைந்தது.

அந்தக் குளிர்காலத்தில் பிராந்தானி நெஞ்சுச் சளியில் இறந்துபோனார். அப்போது ஒரு படத்தில் இரண்டு காட்சிகளுக்குக் குரல் பாக்கி. வேறு ஆள் தேடிக்கொண்டிருந்தபோது அமில்காரே வந்து, “நானே பேசுறேன்” என்றார்.

“பேசுங்க. சோகப் படம் சிரிப்புப் படமாயிடும், அவ்வளவுதானே” என்றார் குவால்தியேரோ.

அமில்காரே மைக் முன்னால் நின்றார். இரண்டு தரம் கனைத்தார். பிறகு பிராந்தானியின் குரலில் பேசினார்.

குவால்தியேரோ காதிலிருந்ததைக் கழற்றினார். “பழைய சுருள் எதாச்சும் ஓடுதா?” என்று உதவியாளரைக் கேட்டார். எதுவும் ஓடவில்லை.

அதன்பின் கீச்சுக்குரல் திரும்பவே இல்லை. காப்பி கேட்டாலும் அந்தக் குரல்தான். அமில்காரேவுக்கு முதலில் சந்தோஷம். கதாநாயகனுக்குத் தகப்பன் வேஷம்கூடத் தேடி வந்தது. செய்தி பரவி, பிராந்தானியின் மனைவி எல்தா என்னிடம் வந்தாள். “ஒரு தடவ கேட்டாப் போதும். அந்த ஆளு மூஞ்சி எனக்கு வேண்டாம்” என்றாள்.

ஜூலை வெயிலில் அவளை சான் லொரென்சோ பேட்டையில் அமில்காரே தங்கியிருந்த வீட்டுக்கு அழைத்துப்போனேன். நாங்கள் முன்னறையில் உட்கார்ந்தோம். உள்ளறைக் கதவைச் சாத்திக்கொண்டு அவர் பத்திரிகையை உரக்கப் படித்தார். எல்தா கண்ணை மூடிக் கேட்டாள். கோதுமை விளைச்சல் பற்றிப் படித்துக்கொண்டிருந்த குரல் நடுவில் நின்றது.

“எல்தா, ஜன்னலச் சாத்து. குளிருது.”

எல்தா எழுந்துபோய் ஜன்னலைச் சாத்தினாள். கொக்கியில் கை வைத்தபடியே நின்றாள். “சாகுறதுக்கு முன்னாடி அவர் கடைசியாச் சொன்னது இதுதான். அப்ப நானும் அவரும் மட்டும்தான் இருந்தோம்” என்றாள்.

கதவு திறந்தது. அமில்காரேயின் முகத்தில் ரத்தமே இல்லை. “அத நான் சொல்லலம்மா. சத்தியமா நான் சொல்லல.”

“தெரியுது. அவரத் தூங்க விடுங்க” என்றாள் எல்தா, அவரைப் பார்க்காமலே.

தகப்பன் வேஷத்தை வேண்டாம் என்று சொல்லிவிட்டு அமில்காரே ஃபெராராவுக்கே போய்விட்டார். “பைத்தியம்” என்றார் இயக்குநர்.

யுத்தம் முடிந்தபின் ஒரு நாடகக் குழுவோடு நான் அந்த ஊருக்குப் போனேன். சந்தையில் ஒருவர் தர்பூசணி கூவி விற்றுக்கொண்டிருந்தார். கிணற்றுக்குள்ளிருந்து வரும் அந்தக் குரல் கேட்டுத் திரும்பினேன். தன் தங்கையின் பழக்கடையில் அமில்காரே, தலை நரைத்து, கத்தியும் கையுமாக நின்றார். என்னைக் கண்டதும் ஒரு கீற்று வெட்டிக் கொடுத்தார்.

“இன்னும் போகலையா?” என்றேன்.

“வீட்ல நான் வாயத் தொறக்கிறதே இல்ல இனெஸ். இங்க மட்டும் கூவ விடுறேன். அவருக்கும் கொஞ்சம் வெளிக்காத்து வேணுமில்ல” என்றது பிராந்தானியின் குரல்.

எல்தாவிடம் சொல்வதா வேண்டாமா என்று ரயிலில் யோசித்துக்கொண்டே வந்தேன். சொல்லிவிட்டேன். அவள், ஃபெராராவில் சந்தை எந்தக் கிழமை என்று கேட்டாள்.