கடைசி நாள், மூன்று மணிக்கு மேல்

நுவரெலியாவில் சித்திரைதோறும் நடந்த ஓவியக் கண்காட்சியில் ஒரு வருடமும் தவறாமல் பங்கெடுத்தவன் நான். ஆணி அடிப்பேன். லிந்துலைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் தச்சு வேலை பார்த்த என்னை, எங்கள் வெள்ளைக்காரத் துரையின் மனைவியான துரைசாணி தான் வரைந்த படங்களோடு லொறியில் ஏற்றி அனுப்பிவிடுவார்.

சுதந்திரம் கிடைத்த புதிதில் அது துரைசாணிமாரின் கண்காட்சி. ரோசாப்பூ, ஏரி, துரைமாரின் நாய்கள். நாய்களை நான் அடையாளம் சொல்லுவேன். பாதி என்னைக் கடித்தவை. பிறகு கொழும்பு ஆட்களும் படம் கொண்டுவந்தார்கள். அதற்கப்புறம் எங்களை வரைவது மோஸ்தரானது. அந்தப் படங்களில் எங்கள் பெண்கள் சிரித்துக்கொண்டே கொழுந்தெடுப்பார்கள். அட்டை கடித்த காலை ஒருவரும் வரையவில்லை. நாங்கள் படமாகச் சுவரேறிய பின்னும் எங்களுக்கான விதி மாறவில்லை: தோட்டத்து ஆட்கள் கடைசி நாள், மூன்று மணிக்கு மேல்தான் உள்ளே வரலாம்.

ஒரு வருடம் துரைசாணி எங்கள் மகளை வரைந்தார். வேலைக்குப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக்காம்பராவின் வாசலில் அவளை உட்காரவைத்து வரைந்தாராம். அவளுக்கு இரண்டு வயது. என் மனைவி அப்போது மலையில் கொழுந்தெடுத்துக்கொண்டிருந்தாள், படத்தைப் பார்க்கவில்லை. ஐப்பசி மழையில் பிள்ளைக்கு வயிற்றோட்டம் கண்டது. மூன்றாம் நாள் புதைத்தோம். எங்களிடம் அவளுடைய போட்டோ ஒன்றுகூடக் கிடையாது.

அடுத்த சித்திரையில் அந்தப் படத்துக்கும் நான்தான் ஆணி அடித்தேன். வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன்.

"நாளைக்கே போவமாங்க?"

"நம்மள கடைசி நாள்தான் விடுவாங்க."

"தொரசாணிக்கிட்ட ஒரு வார்த்த கேளுங்களேன். ஊருக்கெல்லாம் வாய் கிழியுதே ஒங்களுக்கு."

"கேக்குறேன், கேக்குறேன்."

மறுநாள் பங்களாவின் குசினி வாசலில் போய் நின்றேன். துரைசாணி வந்து என்ன என்றார். நாங்கள் குடியிருக்கும் லயத்தையே சிரிக்கவைக்கிற வாய், "கதவுக் கீல் பாக்க வந்தேங்க" என்றது. நன்றாக இருந்த கீலைக் கழற்றித் திரும்பப் பூட்டிவிட்டு வந்தேன். அதற்கடுத்த நாள் சன்னல் கொக்கி. மனைவியிடம், "முடியாதுன்னுட்டாங்க" என்றேன்.

கடைசி நாள் இருவரும் பஸ் ஏறினோம். வழியெல்லாம் அவள் முந்தானையைச் சரிசெய்துகொண்டே வந்தாள். மூன்று மணி வரை மண்டபத்துக்கு வெளியே மழையில் நின்றோம். கதவு திறந்ததும் அவளை நேராக அந்தச் சுவருக்குக் கூட்டிப்போனேன். ஆணி மட்டும் இருந்தது.

மண்டபத்துக் காவல்காரர் என்னைப் பல வருடமாகத் தெரிந்தவர். "அந்தச் சின்னப்புள்ள படமாண்ணே? அத வாங்குன தொர, கப்பலுக்கு நேரமாச்சுன்னு காலையிலேயே எறக்கி எடுத்துக்கிட்டுப் போயிட்டாரு."

எங்கள் பிள்ளை என்று சொன்னேன். அவர் என் மனைவியைப் பார்த்தார்.

"நேத்து வந்திருந்தா பின்கதவால நானே விட்டிருப்பேனே. போன வருசம்கூட நாலு பேர விட்டேன். எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லக்கூடாதாண்ணே?"

மனைவி என் பக்கம் திரும்பவில்லை. சுவரைப் பார்த்தபடியே கேட்டாள்.

"நீங்கதானே மாட்டுனீங்க. எப்பிடி இருந்தா?"

மாட்டிய அன்று மகளின் முகத்தைப் பார்க்க எனக்குத் துணிவு வரவில்லை. சட்டத்தின் நான்கு மூலைகளையும் கயிற்றையும் மட்டும் பார்த்து மாட்டிவிட்டு, அடுத்த படத்துக்கு நகர்ந்திருந்தேன்.

"சிரிச்சுக்கிட்டு இருந்தா."

"என்ன சட்ட?"

"மஞ்சச் சட்ட."

"அது தீவாளிக்குத் தச்சது. அவ போடவேயில்ல."

சொல்லிவிட்டு வாசலைப் பார்த்து நடந்தாள்.

அடுத்த சித்திரையிலும் லொறி வந்தது. ஏறிப் போனேன். திரும்பி வந்தபோது, என்னென்ன படம் என்று அவள் கேட்கவில்லை.