வாய் திறக்கும் வேடம்

சினிமாவில் வேலை கிடைத்தது என் நெஞ்சுக்குத்தான், எனக்கல்ல. டென்மார்க்கின் கிரின்ஸ்டெட்டில் பகலில் தொழிற்சாலை, பின்னேரத்தில் ஜிம் என்று வருடக்கணக்காகக் கட்டியெழுப்பிய உடம்பு. ஓல்போர்க்கில் நடந்த ஆணழகன் போட்டியில் நான் மேடையில் நின்ற படத்தைப் பார்த்துவிட்டுத்தான் முதலில் கூப்பிட்டார்கள். அந்தப் போட்டிகளில் தசை எடுப்பாகத் தெரிவதற்காக உடம்புக்கு மண்ணிறச் சாயம் பூசுவார்கள். டேனிஷ்காரப் பெடியன்கள் பூசிப் பூசி என் நிறத்துக்கு வரப் பாடுபட, நான் கதிரையில் சும்மா இருந்தேன். என் மனைவிக்கு அன்றைக்குச் சிரித்துச் சிரித்து வயிறு நொந்துவிட்டது.

ஆனால் கிடைத்ததெல்லாம் ஒரே வேடம். கடத்தல்காரனுக்குப் பின்னால் கைகட்டி நிற்பவன். மதுச்சாலை வாசலில் நிற்பவன். கதாநாயகனிடம் அடி வாங்கி மேசையை உடைத்துக்கொண்டு விழுபவன். விழும்போது நான் கத்துகிற கத்தலைக்கூடப் பிறகு வேறு யாரோ கத்தி மாற்றிவிடுவார்கள். ஸ்கீவவில் ஒரு கலியாண வீட்டில் ஒருவர் எல்லோருக்கும் கேட்க, "தம்பி நடிக்கிறாரோ, இல்லாட்டி அலுமாரிக்குப் பதிலாக் கொண்டுபோய் வைக்கிறாங்களோ?" என்றார். சனம் சிரித்தது. நானும் பல்லைக் காட்டினேன். உள்ளே பற்றி எரிந்தது. இந்த வாயை ஒருநாள் திறந்து காட்டாவிட்டால் பார் என்று மனதுக்குள் கறுவினேன்.

அதற்குப் பிறகு காரில் வேலைக்குப் போகும்போதும் வரும்போதும் சத்தம் போட்டு வசனம் பழகினேன். நடிகர் தேர்வுக்குக் கூப்பிட்ட இடத்துக்கும் போனேன், கூப்பிடாத இடத்துக்கும் போனேன். கடைசியில் ஓர் இளம் பெண் இயக்குநர் தன் டேனிஷ் படத்தில் எனக்குத் தகப்பன் வேடம் தந்தார். மகள் வீட்டை விட்டுத் தனியே வாழப் போகிறாள். சமையலறையில் கையில்லாப் பெனியனோடு நிற்கும் தகப்பன் அவளோடு தமிழில் கதைக்க வேண்டும். அதுதான் காட்சி. எனக்குக் கால் நிலத்தில் நிற்கவில்லை.

கமராவுக்கு முன்னால் கை தெரியப் போகிறதென்றால் உடம்பு வளர்க்கும் எங்கள் ஆட்களுக்குப் புத்தி ஒரே பக்கம்தான் ஓடும். போட்டிக்கு முன் செய்வதையே செய்தேன். உப்பை நிறுத்தினேன், பிறகு தண்ணீரையும் நிறுத்தினேன். அப்போதுதான் தோல் தசையோடு ஒட்டி நரம்பு புடைத்து நிற்கும்.

படப்பிடிப்பு நாளன்று தலை சுற்றியதால் மனைவிதான் கார் ஓட்டினாள். "இஞ்சேருங்கோ, உதடெல்லாம் வெடிச்சுக் கிடக்கு. ஒரு வாய் தண்ணி குடியுங்கோவன்."

"நீர் சும்மா இரும். கமரா எல்லாத்தையும் காட்டிக் குடுத்திடும்."

காட்டித்தான் கொடுத்தது. விளக்குகளைப் போட்டு எடுக்கத் தொடங்கியதும் நாக்கு அண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. மறுபடி எடுத்தார்கள். தொண்டையிலிருந்து காற்றுத்தான் வந்தது. போட்டி மேடையில் ஒரு சொல்லும் பேசத் தேவையில்லை, இங்கே பேச வேண்டும் என்பது இந்த விசரனுக்கு அப்போதுதான் உறைத்தது.

இயக்குநர் கிட்ட வந்து தோளில் கை வைத்தார். "பரவாயில்லை. வசனத்தை எடுத்துவிடுவோம். நீங்கள் பேசாமல் நின்றாலே போதும், உடம்பே கதை சொல்கிறது."

அவர் ஏசியிருந்தால் தாங்கியிருப்பேன். இவ்வளவு அன்பாக மறுபடியும் என்னை அலுமாரியாக்கினால் விடுவேனா? "இல்லை. எனக்கு அரை மணித்தியாலம் தாருங்கள்" என்று டேனிஷில் கரகரத்தேன். மனைவி தண்ணீர்ப் போத்தலையும் தனக்கென்று கொண்டுவந்த இடியப்பத்தையும் சொதியையும் நீட்டினாள். எல்லோரும் பார்க்கப் பார்க்க மடமடவென்று குடித்தேன், வழித்துச் சாப்பிட்டேன். பாளம் பாளமாக நின்ற வயிறு முன்னால் தள்ளிக்கொண்டு வந்தது. தள்ளட்டும். உடுப்புக்குப் பொறுப்பானவரிடம் போய், "எனக்கொரு சேட்டுத் தாருங்கள், நீளக் கை வைத்தது" என்றேன். அவர் இயக்குநரைப் பார்த்தார். இயக்குநர் சற்று யோசித்துவிட்டுத் தலையாட்டினார்.

மகளாக நடித்தவள் இங்கேயே பிறந்த தமிழ்ப் பிள்ளை. பையைத் தூக்கித் தோளில் போட்டாள். நான் சேட்டுப் பொத்தானைப் பூட்டியபடி சொன்னேன்: "போறதெண்டால் போ, பிள்ளை. நான் மறிக்கேல்லை. போய்ச் சேர்ந்த உடன ஒருக்கா ஃபோன் எடு. நீ எடுக்குமட்டும் நான் படுக்கமாட்டன்."

குரல் வந்தது. என் குரல்தான்.

கதைப்படி அவள் கதவைத் திறந்துகொண்டு திரும்பிப் பாராமல் போக வேண்டும். அவள் பையை மெதுவாகக் கீழே வைத்துவிட்டு அப்படியே நின்றாள். இயக்குநர், "என்ன நடந்தது? ஏன் போகவில்லை?" என்று கேட்டார்.

பிள்ளை கண்ணைத் துடைத்துக்கொண்டு டேனிஷில் என்னைக் கேட்டாள்: "அங்கிள், அடுத்த தரமும் இப்படித்தான் சொல்லப் போகிறீர்களா? அப்படியென்றால் என்னால் போக முடியாது."