ரிக்கம்மா தங்கை வீட்டில் போட்ட போர்

எங்கள் ஊர் நிலத்தை நம்பி மாடி கட்ட யாருக்கும் துணிச்சல் கிடையாது. மேலே ஒரு போர்வை செம்மண், அதற்குக் கீழே முழுக்கச் சுண்ணாம்புப் பாறை. பார்த்தால் கெட்டியாகத்தான் இருக்கும். ஆனால் மழைத்தண்ணீர் யுகயுகமாக அரித்து அரித்து அதற்குள் பொந்தும் சந்துமாக ஆக்கி வைத்திருக்கிறது. மலையிலிருந்து ஆர்ப்பாட்டமாக வருகிற ஆறு ஊர் எல்லையில் ஒரு பொந்துக்குள் நுழைந்து காணாமல் போய்விடும். ஊரைத் தாண்டி எங்கோ, ஒன்றும் நடக்காத மாதிரி வெளியே வரும். நடுவில் குடியிருக்கிற எங்களுக்கு ஒரு சொட்டு கிடையாது. கடைத்தெரு பாம்பு மாதிரி வளைந்து போவது என்றைக்கோ உள்வாங்கிய குழிகளைச் சுற்றிக்கொண்டுதான். பள்ளிக்கூட மைதானம் கிண்ணம் போலக் குழிந்து கிடப்பதும் அதனால்தான். அங்கே பந்தை எந்தப் பக்கம் உதைத்தாலும் நடுவுக்கே வந்து நின்றுகொள்ளும். தண்ணீர் பூமிக்குள் ஒளிந்து விளையாடுகிற ஊரில் துளை போடாமல் பிழைப்பு நடக்காது. அந்தத் துளையைப் போடுகிறவள் ரிக்கம்மா.

பெற்றவர்கள் வைத்த பேரைச் சொல்லி ரேஷன் கடைக்காரர் மட்டும்தான் கூப்பிடுவார். மற்றவர்களுக்கெல்லாம் அவள் ரிக்கம்மாதான். புருஷன், துளை போடுகிற ரிக் வண்டியின் டிரைவர். வண்டி ஆட்களுக்குச் சமைத்துப் போடத்தான் இவள் கூடப் போனாள். ஒருநாள் லீவர் பிடிக்கிற ஆள் கோபித்துக்கொண்டு பாதி வேலையில் கிளம்பிவிட்டான். துளைக்குள் இறக்கிய ராடு பாறையில் மாட்டிக்கொண்டு நிற்கிறது, வீட்டுக்காரர் வாசலில் நின்று கத்துகிறார், புருஷன் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். இவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுப் போய் லீவரைப் பிடித்தாள். அன்றைக்கு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தவர்கள் வீட்டிலும் பிற்பாடு அவள்தான் போர் போட்டாள்.

இந்த வேலையில் எங்கள் ஊருக்கென்று ஒரு கிறுக்கு உண்டு. பாறையைக் குடைந்துகொண்டு போகிற பிட் சட்டென்று வெறும் இடத்தில் நழுவினால், சுற்றி நிற்பவர்கள் கை தட்டுவார்கள். கீழே பொந்து இருக்கிறது, பொந்தில் தண்ணீர் ஓடும் என்று கணக்கு. பெரும்பாலும் கணக்கு பலித்துவிடும். பலிக்காத நாளைப் பற்றி யாரும் வாயைத் திறக்க மாட்டார்கள்.

ஊர்க்கோடியில் அவள் தங்கை வீடு. தங்கை புருஷனுக்குப் பேக்கரியில் வேலை. தண்ணீர்க் குடத்தோடு வழுக்கி விழுந்து தங்கை கால் எலும்பை முறித்துக்கொண்டாள். பார்க்கப் போன அக்காவைப் பார்த்ததும் பிடித்துக்கொண்டாள்.

"ஊருக்கெல்லாம் போடுற. கூடப் பொறந்தவளுக்குப் போட உனக்குக் கை வரலையா?"

அதற்கு மேல் ரிக்கம்மாவால் சும்மா இருக்க முடியவில்லை. அடுத்த வாரமே வண்டி அந்த வீட்டுக் கொல்லையில் நின்றது. சொந்த வேலை என்று ஆட்களைக் கூப்பிடாமல் புருஷனும் அவளும் மட்டும் வந்திருந்தார்கள். இடம் குறுகல். அடுப்படிச் சுவரை ஒட்டித்தான் துளை போட முடிந்தது. மாவுக்கட்டுக் காலை நீட்டிக்கொண்டு, அடுப்படி ஜன்னல் ஓரம் நாற்காலியில் உட்கார்ந்து தங்கை வேடிக்கை பார்த்தாள்.

மதியம் பிட் நழுவியது. லீவர் ரிக்கம்மாவின் கையை வெடுக்கென்று இழுத்தது. ஜன்னலுக்குள்ளிருந்து தங்கை கை தட்டினாள். ரிக்கம்மாவும் சிரித்தாள்.

ஆனால் துளை வாயிலிருந்து புஸ்புஸ்ஸென்று வந்துகொண்டிருந்த வெள்ளைத் தூள் நின்றுவிட்டது. கம்ப்ரசர் காற்றை உள்ளே தள்ளிக்கொண்டே இருக்கிறது, போன காற்று திரும்பி வரவில்லை. அது வேறு வழி பிடித்துவிட்டது என்று அவளுக்குத் தெரியும். அந்த இடத்தில் நிறுத்தியிருக்க வேண்டும். இன்னும் ஒரே ஒரு ராடு, தண்ணீர் பக்கத்தில்தான் இருக்கும் என்று மனசு அடித்துக்கொண்டது. இன்னொரு ராடை மாட்டினாள்.

"அக்கா! உள்ள புகையா வருது!"

பால் தீய்ந்துவிட்டது போல என்றுதான் முதலில் நினைத்தாள். எட்டிப் பார்த்தாள். அடுப்படித் தரையில், வீட்டுக்குள் போகிற வழியை மறித்து நீளமாக ஒரு விரிசல். அதிலிருந்து வெள்ளைத் தூள் பீறிக்கொண்டு வந்தது. ஓடிப் போய் கம்ப்ரசரையும் எஞ்சினையும் நிறுத்தினாள். சத்தம் அடங்கியதும் இன்னொரு சத்தம் கேட்டது. காலுக்குக் கீழே எங்கோ கற்கள் உருண்டு உருண்டு விழுந்துகொண்டிருந்தன.

ரிக்கம்மாவின் புருஷன் பாய்ந்து போய் கொல்லைக் கதவைத் தள்ளினார். நிலை சாய்ந்து கதவு இறுகிக்கொண்டது. தோளால் இடிக்கப் போனவரைச் சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"இடிக்காதீங்க! தரை தாங்காது."

"அப்ப வண்டியில கயிறு கட்டி ஜன்னலை இழுத்துடலாம்."

"எஞ்சினைத் தொட்டீங்க, கொன்னுடுவேன்! அதிர்ந்தா அவளோட சேர்ந்து எல்லாம் உள்ள போயிடும்."

வண்டியைத் தாங்கி நின்ற பின்பக்க ஜாக்கி ஏற்கெனவே மெல்ல மெல்ல மண்ணுக்குள் இறங்கிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்துவிட்டு அவர் கடப்பாரையை எடுத்துவந்தார். இரண்டு பேருமாக அதை ஜன்னல் சட்டத்துக்கும் சுவருக்கும் நடுவில் கொடுத்து நெம்பினார்கள். ஓங்கி அடிக்க முடியாது, மெதுவாகத்தான் நெம்ப வேண்டும். ஒவ்வொரு நெம்புக்கும் சுவர்ப் பூச்சு பொலபொலவென்று உதிர்ந்தது.

"நாற்காலியை விட்டு இறங்கு. நடக்காத. சுவத்தோரமா நகர்ந்து ஜன்னலுக்கு அடியில வா."

"நடக்க முடிஞ்சா நான் எதுக்கு இங்க உக்காந்திருக்கேன்!" தங்கை அழுதுகொண்டே கத்தினாள். கத்தினாலும் இறங்கி, உட்கார்ந்த நிலையிலேயே சுவரோடு சுவராக நகர்ந்தாள். அவள் விட்டுவந்த நாற்காலி தானாக விரிசல் பக்கம் சரிந்தது. மேடையில் இருந்த பாத்திரங்கள் ஒன்றன் பின் ஒன்றாகக் கீழே விழுந்தன.

சட்டம் கம்பியோடு பெயர்ந்து வந்தது. ரிக்கம்மா இடுப்புவரை உள்ளே தொங்கி, தங்கையின் அக்குளில் கை கொடுத்துத் தூக்கினாள். உடம்பு வந்துவிட்டது, மாவுக்கட்டு ஜன்னல் விளிம்பில் மாட்டிக்கொண்டது. வலியில் தங்கை அவள் தோளைக் கடித்தாள். ரிக்கம்மா விடவில்லை, பல்லைக் கடித்துக்கொண்டு ஒரே இழுப்பாக இழுத்தாள். மூன்று பேரும் தவழ்ந்தும் விழுந்தும் தெருவுக்கு வந்து சேர்ந்தபோது, பின்னால் அடுப்படி போயிற்று. பெரிதாகச் சத்தம்கூட இல்லை. தரை அப்படியே உள்ளே இறங்கியது, சுவர் அதன் மேல் சாய்ந்தது, வண்டியின் பின்சக்கரங்கள் குழிக்குள் சரிந்து முன்பக்கம் வானத்தைப் பார்த்து நின்றது.

தூசி அடங்கிய பிறகு ரிக்கம்மா தள்ளி நின்று எட்டிப் பார்த்தாள். குழி காய்ந்து கிடந்தது. தண்ணீர் இருந்த தடயம்கூட இல்லை.

சாயங்காலம் தங்கையைத் தன் வீட்டுக்குக் கூட்டிவந்தாள். கை நிறைய மாவோடு பேக்கரியிலிருந்து ஓடிவந்த தங்கை புருஷன் பெண்டாட்டியின் முகத்தைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார், அப்புறம் மிச்ச சாமான்களைப் பார்க்கக் கிளம்பினார். தங்கை கட்டிலில் சாய்ந்துகொண்டு தண்ணீர் கேட்டாள். வீட்டில் குடம் காலி. ரிக்கம்மா பக்கத்து வீட்டுக் குழாயடிக்குப் போய்ப் பிடித்துக்கொண்டு வந்தாள். அவள் போனதையும் வந்ததையும் தங்கை பார்த்துக்கொண்டே இருந்தாள்.

டம்ளரை வாங்கிக்கொண்டு கேட்டாள்: "அக்கா, உன் வீட்டுல ஏன் போர் இல்ல?"

"முதல்ல குடி. அப்புறம் பேசலாம்."

"வண்டி உன் வாசல்லதான நின்னுச்சு, இத்தனை வருஷமா. ஒரு நாள் வேலை உனக்கு."

நேரமே கிடைக்கவில்லை என்று சொல்ல வாயெடுத்தாள். தங்கையின் முகத்தைப் பார்த்ததும் பொய் வரவில்லை.

"பயம்டி," என்றாள். "கீழ என்ன இருக்குமோன்னு பயம். நாம படுத்துத் தூங்குற இடத்துக்கு அடியில துளை போட மனசு வரல."

தங்கை டம்ளரை வாய்வரை கொண்டுபோய் நிறுத்தினாள்.

"அப்ப என் வீடு?"

மதியம் அவ்வளவு நடந்தும் அழாத ரிக்கம்மா, குடத்தைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து விக்கி விக்கி அழுதாள். தங்கை அவளைத் தேற்றவில்லை. தண்ணீரைக் குடித்து முடித்து, டம்ளரைக் கட்டிலுக்குக் கீழே வைத்துவிட்டு, காலை மெல்ல இழுத்துக்கொண்டு சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தாள்.