போன் வந்ததா என்று கேட்கும் பிட்சர்

என் கணவன் லைல் ஹாகன் பேஸ்பால் வீசிப் பிழைத்தான். பிழைத்தான் என்று சொல்வதே கொஞ்சம் அதிகம்தான். கோடை முழுக்கப் பந்து, பனி விழுந்ததும் மினசோட்டாவில் அவன் சித்தப்பாவின் தானியக் கிடங்கில் மண்வாரியைப் பிடித்து வேலை. எந்த ஊர் அணி அவனை எடுத்தாலும் அந்த ஊரில் நான் ஒரு ஹோட்டலில் பரிமாறும் வேலை தேடிக்கொள்வேன். நெப்ராஸ்கா, டென்னசி, ஒரு கோடை முழுக்க டெக்சாஸ் வெயில் என்று சுற்றாத இடமில்லை. அணிகள் அவனை வாங்கின, விற்றன, வேண்டாம் என்று அனுப்பின. எங்கள் வீட்டுப் பாத்திரங்களில் பாதி எப்போதும் செய்தித்தாள் சுற்றியபடியே கிடக்கும். பிரித்தால் மறுபடி சுற்ற வேண்டுமே என்ற அலுப்பு எனக்கு.

அவன் நல்ல பிட்சர். மனைவி என்பதால் சொல்லவில்லை. மனைவியாக எனக்கு அவனைப் பற்றிச் சொல்ல வேறு நிறைய இருக்கிறது. நெட்டையான உடம்பு, அலட்டல் இல்லாத கை. அவன் வீசும் பந்து பேட்டருக்கு எதிரே வந்ததும் கீழே இறங்கிவிடும். பெரிய லீக்கில் நிலைத்து ஆடியிருக்க வேண்டியவன் என்று அவனை வேண்டாம் என்றவர்களே சொல்வார்கள். அப்புறம் ஏன் நிலைக்கவில்லை என்றால், தலை சரியில்லை என்பார்கள். தலைக்கு என்ன வந்தது என்று எனக்குத்தான் தெரியும்.

பேஸ்பால்காரர்களைப் போல மூடநம்பிக்கை பிடித்த கூட்டத்தை நான் எந்தத் தேவாலயத்திலும் பார்த்ததில்லை. ஜெயித்துக்கொண்டிருந்தால் காலுறையைத் துவைக்க மாட்டார்கள். மைதானத்துச் சுண்ணாம்புக் கோட்டை மிதிக்காமல் சின்னப் பிள்ளைகள் மாதிரித் தாண்டிக் குதிப்பார்கள். இதெல்லாம் சிரித்துவிட்டுப் போகக்கூடியது. ஒன்றை மட்டும் என்னால் சிரித்துத் தள்ள முடியவில்லை. ஒரு ஆட்டத்தின் ஒன்பது இன்னிங்ஸும் எதிரணி பந்தை அடித்து ஓடி இடம் பிடிக்க விடாமல், ஒரு ஹிட் கூடக் கொடுக்காமல் முடிப்பது ஒரு பிட்சருக்கு ஆயுளில் ஒருமுறை வாய்த்தால் பெரிது. அப்படி ஒன்று அமைந்து வருகிறது என்று தெரிந்தால் சொந்த அணிக்காரர்களே அவனிடம் பேச மாட்டார்கள். பெஞ்சில் அவன் பக்கத்தில் உட்கார மாட்டார்கள், கண்ணைப் பார்க்க மாட்டார்கள். அந்தச் சாதனையின் பெயரைக்கூட யாரும் வாயால் சொல்லக் கூடாது. பேசினால் கலைந்துவிடுமாம்.

எழுபத்து நாலாம் வருடம் டென்னசியில் கார்வெல் என்ற ஊரில் இருந்தோம். பெரிய லீக்குக்குக் கீழே இருக்கும் சின்ன லீக்கில் நடுப்படி அணி அது. மிஸஸ் பர்டி என்ற விதவையின் வீட்டு மாடியில் குடியிருந்தோம். எனக்கு ஏழாவது மாதம். ஜூலையில் ஒரு நாள், லைல் மாலை ஆட்டத்துக்குக் கிளம்பிப் போன பிறகு, எனக்கு வலி எடுத்துவிட்டது. மிஸஸ் பர்டி தன் காரிலேயே என்னை ஆஸ்பத்திரியில் சேர்த்தார். மைதானத்தின் விளக்குக் கம்பங்கள் ஆஸ்பத்திரி ஜன்னலிலிருந்து தெரியும், அவ்வளவு பக்கம். குழந்தை பிறந்தது. பெண். நுரையீரல் வளரவில்லை, அதிக நேரம் தாங்காது என்று டாக்டர் சொன்னார். மிஸஸ் பர்டி ஓடிப்போய் மைதானத்துக்குப் போன் செய்தார். அப்போது நாலாவது இன்னிங்ஸ். எதிரணி ஒரு ஹிட் கூட அடித்திருக்கவில்லை.

போனை எடுத்தவன் அணியை நடத்தும் மேனேஜர் ஹாரிஸ் டோபினிடம் போய்ச் சொன்னான். டோபின் யோசித்திருக்கிறார். யாராவது ஒரு ஹிட் அடித்துவிட்டால் உடனே சொல்லிவிடலாம் என்று முடிவு செய்திருக்கிறார். யாரும் அடிக்கவில்லை. மிஸஸ் பர்டி மறுபடியும் போன் செய்தார், மறுபடியும் செய்தார். பெஞ்சில் இருந்த அத்தனை பேருக்கும் விஷயம் தெரியும், ஒருவனைத் தவிர. அவர்கள் அவன் முகத்தைப் பார்க்காமல் உட்கார்ந்திருந்ததற்கு இரண்டு காரணம் இருந்தது; அவனுக்குத் தெரிந்தது ஒன்றுதான்.

ஆட்டம் முடிந்ததும் அவன் மேல் விழுந்து புரண்டார்கள். தலையில் பியரைக் கொட்டினார்கள். அதற்குப் பிறகுதான் டோபின் அவனைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். அவன் ஆஸ்பத்திரிக்கு வந்தபோது சீருடையோடு, காலில் ஆணி வைத்த ஷூவோடு, பியர் வாடையோடு வந்தான். அந்தக் காலத்து ஆஸ்பத்திரிகளில் பிள்ளை இறந்ததும் பெற்றவர் கண்ணில் படாமல் எடுத்துப் போய்விடுவார்கள். துக்கம் குறையும் என்று நினைப்பு. அவன் வருவதற்குள் உயிர் போய், எடுத்தும் போய்விட்டார்கள். அவன் அவளைப் பார்க்கவே இல்லை.

எனக்கு அவனைக் கொல்லலாம் போல இருந்தது. அவனுக்கு ஒன்றும் தெரியாது என்று அந்த முகத்தைப் பார்த்ததுமே புரிந்தது. ஆனாலும் அப்படித்தான் இருந்தது.

கட்டிலின் கால்மாட்டில் நின்றுகொண்டு அவன் ஒன்றே ஒன்றுதான் கேட்டான்.

"எப்ப போன் பண்ணீங்க?"

"நாலாவது இன்னிங்ஸ்ல" என்றேன்.

தலையை ஆட்டிக்கொண்டான். அதோடு சரி. குழந்தையைப் பற்றி அவன் வாயைத் திறக்கவே இல்லை. நான் அவளுக்கு இங்க்ரிட் என்று பேர் வைத்தேன். அந்தப் பேரைச் சொன்னால் எழுந்து வெளியே போய்விடுவான்.

டோபின் மறுநாள் பூங்கொத்தோடு வந்தார். தொப்பியைக் கையில் வைத்து உருட்டிக்கொண்டே, "அந்த நேரத்துல பிட்சர்கிட்ட யாரும் பேச மாட்டோம்மா. அது வழக்கம். அவனுக்கு நல்லதுன்னுதான் நெனச்சோம்" என்றார். அவ்வளவு பேர் இருந்தீங்களே, ஒருத்தனுக்குக் கூடவா வாய் வரவில்லை என்று கேட்டேன். அவர் அழுதார். எனக்கு இரக்கம் வரவில்லை. இன்று வரைக்கும் வரவில்லை.

கொடுமை என்னவென்றால், அந்த ஆட்டத்தால் லைலுக்கு மேல்படிக்கு அழைப்பு வந்தது. இங்க்ரிட்டை ஊருக்கு வெளியே கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்த அதே வாரம் நாங்கள் பாத்திரங்களைச் சுற்றிக்கொண்டு ஒமாஹாவுக்குப் போனோம். அடக்கத்துக்கு அவன் வந்தான். வேலிக்கு வெளியே காரிலேயே உட்கார்ந்திருந்தான்.

ஒமாஹாவில்தான் அது ஆரம்பித்தது. ஆட்டத்தின் நடுவே பந்தைப் பிடித்தபடி நின்றுவிடுவான். காதைச் சாய்ப்பான். பேட்டர் காத்திருப்பான், நடுவர் கத்துவார். இன்னிங்ஸ் முடிந்து பெஞ்சுக்கு வந்ததும் பக்கத்தில் இருப்பவனிடம், "எனக்கு ஏதாவது போன் வந்துச்சா?" என்று கேட்பான். தினமும் கேட்பான். முதலில் வேடிக்கையாக இருந்திருக்கிறது. "ஆமாண்டா, ஜனாதிபதி கூப்பிட்டாரு, சாப்பிட்டுட்டு இருக்கான்னு சொல்லிட்டோம்" என்பார்கள். அவனும் கூடவே சிரிப்பான். சிரித்துவிட்டு, "வரலையே?" என்று இன்னொரு முறை கேட்பான்.

ஒரு செப்டம்பரில் பெரிய லீக்குக்கே கூப்பிட்டுவிட்டார்கள். எத்தனை வருட ஆசை. அங்கே மாற்றுப் பிட்சர்கள் உட்காரும் இடத்தில் சுவரில் ஒரு போன் இருக்கும். யார் தயாராக வேண்டும் என்று மேனேஜர் அதில்தான் சொல்வார். நாள் முழுக்க அந்தப் போனுக்குப் பக்கத்தில் உட்கார வேண்டும். ஒவ்வொரு முறை அது அடிக்கும்போதும் இவன் முகம் வெளுத்துவிடுமாம். ஒரு நாள் மணி அடித்ததும் பயிற்சியாளரை முந்திக்கொண்டு ஓடிப்போய் எடுத்து, "இருக்காளா?" என்று கேட்டிருக்கிறான். மறுமுனையில் மேனேஜர். அந்த மாதக் கடைசியோடு பெரிய லீக் முடிந்தது.

டெக்சாஸில் ரெட் மாஷ்பர்ன் என்று ஒரு குறும்புக்காரன் இருந்தான். ஆட்டம் நடக்கும்போதே பெஞ்சிலிருந்து, "ஹாகன், உனக்குப் போன்" என்று கத்திவிட்டான். லைல் பந்தைக் கீழே வைத்துவிட்டு மைதானத்தை விட்டு இறங்கி, உள்ளே போய் ரிசீவரைக் காதில் வைத்துக்கொண்டு நின்றான். யார் வந்து சொல்லியும் கீழே வைக்கவில்லை. மாஷ்பர்ன் பிறகு என்னைத் தேடி வந்து, "தெரியாமப் பண்ணிட்டேங்க" என்று தலையைக் குனிந்துகொண்டு நின்றான். அந்த அணியும் எங்களை அனுப்பிவிட்டது.

வீட்டிலும் நிம்மதி கிடையாது. வாடகை வீட்டில் முதல் காரியமாகப் போன் எங்கே என்று பார்ப்பான். கம்பியை எவ்வளவு நீளம் இழுக்க முடியுமோ அவ்வளவு இழுத்துக் கட்டிலுக்குப் பக்கத்தில் வைப்பான். அது அடித்தால் எடுக்க மாட்டான். நான்தான் எடுக்க வேண்டும், அவன் என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருப்பான். எங்களுக்கு வேறு பிள்ளை பிறக்கவில்லை. எனக்கு அவனிடம் வேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான். அவளைப் பற்றி ஒரு வார்த்தை கேட்க வேண்டும். அவள் முகத்தை நினைவில் வைத்திருக்கும் ஆள் உலகத்தில் நான் ஒருத்தி. அவளை நான் தனியாகவே தூக்கிக்கொண்டு ஊர் ஊராக அலைந்தேன், பாதிக் கனத்தை வாங்கிக்கொள்ள வேண்டியவன் போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். விட்டுவிட்டுப் போய்விடலாம் என்று பல தடவை நினைத்திருக்கிறேன். கடைசியில் ஒரு வருடம் சொல்லியே விட்டேன், இந்தக் கோடையோடு நான் ஊருக்குப் போகிறேன் என்று. சரி என்றான்.

அந்தக் கோடையில்தான் அவன் அணி கார்வெல்லுக்கு ஆடப் போனது. வயது முப்பத்தைந்து ஆகிவிட்டது, திரும்ப அதே நடுப்படிக்கு இறங்கியிருந்தான். நான் பஸ் ஏறிப் போய்ச் சேர்ந்தேன். ஞாயிற்றுக்கிழமை காலை, கல்லறைக்கு வருகிறாயா என்று கேட்டேன். மத்தியானம் நான் வீசணும் என்றான். தனியாகப் போய்ப் புல்லைப் பிடுங்கிவிட்டு, நேரே மைதானத்துக்கு வந்து அவர்கள் பெஞ்சுக்கு மேலே முதல் வரிசையில் உட்கார்ந்தேன். சாயங்காலம் அங்கிருந்தே எனக்கு ஊருக்கு பஸ், அதற்கு முன்னால் அவனிடம் சொல்லிக்கொண்டு போகலாம் என்று.

அவன் அன்று வீசினதைச் சொல்ல வேண்டும். கையில் வேகம் போய்விட்டது. ஆனால் பந்து சொன்னபடி கேட்டது. மூன்றாவது இன்னிங்ஸ், நாலாவது, ஐந்தாவது. பக்கத்தில் இருந்த ஒரு கிழவர் ஸ்கோர் பலகையில் எதிரணியின் ஹிட் இன்னும் பூஜ்யம் என்பதைப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டார். ஆறாவது முடிந்து அவன் பெஞ்சுக்கு வந்தான். ஆட்கள் ஒவ்வொருவராக எழுந்து தள்ளிப் போனார்கள். அவனுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வெறும் பலகை. "எனக்கு ஏதாவது போன் வந்துச்சா?" என்று அவன் கேட்டது எனக்கே கேட்டது. அத்தனை பேரும் தங்கள் ஷூ கயிற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அவன் எழுந்து படியேறி என் முன்னால் இருந்த கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"மார்லிஸ். அவ யார் ஜாடை?"

எத்தனை ஊரில், எத்தனை கட்டிலில் இந்தக் கேள்விக்காகக் காத்திருந்தேன்.

"உன் ஜாடைதான். நெத்தி, மூக்கு எல்லாம். காது மட்டும் என்னோடது."

"முடி இருந்துச்சா?"

"இருந்துச்சு. வெளுத்த முடி."

ஏழாவது இன்னிங்ஸுக்கு அவன் போக வேண்டும். நடுவர் கூப்பிட்டார். அவன் மேனேஜர், இளம் வயதுக்காரர், ஓடி வந்து என்னப்பா இது, போய்ப் பந்து வீசும் மேட்டில் ஏறு என்றார். வேறு யாரையாவது போடுங்கள் என்றான் லைல். "உனக்கு என்ன பைத்தியமா? நீ இப்ப ஒரு..." என்று ஆரம்பித்தவர் அந்த வார்த்தையைச் சொல்ல முடியாமல் விழுங்கிக்கொண்டார். அப்போதும் சொல்ல முடியவில்லை அந்த மனிதரால்.

லைல் கம்பியைத் தாண்டி வந்து என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தான். கீழே வேறொருவன் பந்து வீசப் போனான். அவன் பந்தை இரண்டாவது பேட்டரே அடித்துவிட்டான், கூட்டம் கத்தியது, லைல் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கேட்டுக்கொண்டே இருந்தான். விரல் எப்படி, எடை எவ்வளவு, கண் திறந்தாளா, அழுதாளா. நர்ஸ் நல்லவள், அவளை என் கையிலேயே விட்டு வைத்திருந்தாள் என்றேன். அழவில்லை, மூச்சுத்தான் புறா மாதிரிச் சின்னதாகச் சத்தம் போட்டது என்றேன். என் விரலைப் பிடித்திருந்ததைச் சொன்னேன். எந்த நேரத்தில் பிடி விட்டது என்பதையும் சொன்னேன். அவன் தொப்பியை முகத்தில் வைத்துக்கொண்டு அழுதான். நான் பஸ்ஸுக்குப் போகவில்லை.

அதன் பிறகு அவன் பந்தைத் தொடவில்லை. இப்போது இருவரும் கிழடு தட்டிப் போனோம். இன்றும் சில ராத்திரி அவளைப் பற்றிப் புதிதாக ஏதாவது கேட்பான், எனக்கு நினைவிருப்பதைச் சொல்வேன். எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அந்த ஆஸ்பத்திரி அறைக் கதவு திறந்த ஒவ்வொரு முறையும், "இதோ அப்பா வந்துட்டார் பாரு" என்று நான் அவளிடம் சொல்லிக்கொண்டே இருந்ததை மட்டும் சொல்லவில்லை.