பேசினது நான்தாம்மா

செய்தி வந்தபோது நான் தெற்கு மாட வீதியில் கீரைக்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தேன். எங்கள் தொடரின் தயாரிப்பு மேலாளர் போனில், "மேடம், தனசேகர் மாஸ்டர் செத்துட்டாரு" என்றார். "இந்த வாரக் கதையில அவர் சாகவே இல்லையே, யாரைக் கேட்டுக் கொன்னீங்க?" என்று நான் நடுத்தெருவில் கத்தினேன். கீரைக்காரம்மா கையிலிருந்த கட்டைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்தார். மேலாளர் மெதுவாக, "நிஜமாவே மேடம். காலைல ஜிம்மத் தொறந்துட்டு நாற்காலில ஒக்காந்தவரு எழுந்துக்கல. ஹார்ட்டு" என்றார்.

வாராவாரம் தொலைக்காட்சிக்குக் கொலை எழுதிப் பிழைக்கிறவள் நான். மாஸ்டரை விஷம் வைத்துக் கொன்றிருக்கிறேன், லாரி ஏற்றிக் கொன்றிருக்கிறேன், ஒருமுறை மொட்டை மாடியிலிருந்து ஆட்டுக்கல்லைப் போட்டும் கொன்றிருக்கிறேன். ஒவ்வொரு முறையும் சாய ரத்தத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்து வந்து, "மேடம், அவிச்ச முட்ட எதுனா கீதா?" என்று கேட்பார். அப்படிப்பட்டவர் இப்போது எழுந்து வரமாட்டேன் என்றால் என்ன அர்த்தம்? எனக்குக் கோபம்தான் முதலில் வந்தது. அழுகை வீட்டுக்கு வந்து கீரையை ஆயும்போது வந்தது.

அவரை அறிந்தவர்களுக்கு நான் எதையும் விளக்க வேண்டியதில்லை. அறியாத சிலர், ஆணழகன் பட்டம் வாங்கியவர் இப்படித் திடீரென்று போனதற்கு தசையை ஏற்றும் ஊசி மருந்துதான் காரணம் என்று முணுமுணுக்கிறார்கள். அவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். ரத்தப் பரிசோதனைக்குப் போன இடத்தில் ஊசியைப் பார்த்த மாத்திரத்தில் மயங்கி விழுந்தவர் அவர். தூக்கி உட்கார வைக்க ஆள் போதாமல், நர்ஸம்மா தானும் தரையில் உட்கார்ந்துதான் ரத்தம் எடுத்தார். ஊசியாம், மருந்தாம்! போய் வேறு வேலை இருந்தால் பாருங்கள்.

அவரை நான் முதலில் சந்தித்ததே ஒரு சண்டையில் முடிந்தது. கதைக்காக, உடம்பை வளர்த்தவன் ஒருவனைக் கழுத்தை நெரித்துக் கொல்ல முடியுமா என்று கேட்க மந்தைவெளியில் அவர் நடத்திய ஜிம்முக்குப் போயிருந்தேன். உள்ளே ஒரு மலை உட்கார்ந்திருந்தது. மலை வாயைத் திறந்தது. உள்ளேயிருந்து பள்ளிக்கூடப் பிள்ளையின் குரல் கீச்சென்று வந்தது. "மேடம், நான் இப்ப கட்டிங்ல கீறேன். சுள்ளுனு கோவம் வரும். அப்பால வாங்க."

பட்டப்பகலில் கட்டிங் அடித்துவிட்டு உட்கார்ந்திருக்கிறான், அதை வெட்கமில்லாமல் சொல்லவும் சொல்கிறான் என்று கொதித்துப்போய்த் திரும்பிவிட்டேன். மறுநாள் அவரே விலாசம் விசாரித்துக்கொண்டு வீட்டுக்கு வந்தார். கதவைத் திறந்த என் கணவர் உள்ளே பார்த்து, "யாரோ வந்து நின்னுண்டிருக்கார்டி, வாசல்ல வெளிச்சமே இல்ல" என்றார். மாஸ்டர் கதவைத் தாண்டாமலேயே கைகூப்பினார். "அய்யோ மேடம், நான் குடிக்கிற கட்டிங் சொல்லல. போட்டி வருதுன்னு கொழுப்ப கொறைக்கிறதுக்குப் பேரு கட்டிங். உப்பு கெடையாது, சக்கர கெடையாது, தண்ணிகூட அளந்துதான். இதுல எங்கேந்து மேடம் சரக்கு?"

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "நானும் கட்டிங்லதான் இருக்கேன் மாஸ்டர். எழுதற வசனத்துல பாதியைச் சேனல்ல வெட்டிடறா" என்றேன். அவர் யோசித்துவிட்டு, "அப்ப நாம ஒரே தொழில் மேடம். ஏத்துறதும் எறக்குறதும்" என்றார். அன்றைக்கே அவரை எங்கள் தொடரில் அடியாளாகச் சேர்த்துவிட்டேன்.

அடியாள் என்றால் பேசாத அடியாள். எப்போதாவது ஒரு வரி வந்தால், வடபழனி டப்பிங் கூடத்தில் கட்டைக் குரல்காரர் ஒருவர் அவருக்காகப் பேசிவிடுவார். அதனால் மாஸ்டருக்கு வெளியில் நல்ல பெயர், வீட்டில் பெருத்த அவமானம். அவர் மனைவி அமுதா அந்தத் தொடரை ஒருநாளும் பார்த்ததில்லை. "உன் வாய்ல எவனோ பேசுறான். அத நான் ஒக்காந்து பாக்கணுமா?" என்று டிவியை அணைத்துவிடுவாராம்.

அதற்குக் காரணம் உண்டு. அமுதா கல்யாணத்துக்கு முன்னால் தி.நகரில் ஒரு புடவைக் கடையில் போன் எடுக்கும் வேலையில் இருந்தார். மொத்த முட்டைக் கடை என்று நினைத்து மாஸ்டர் தவறான எண்ணுக்குப் போன் போட்டு, "முட்ட பெருசா சின்னதாம்மா?" என்று கேட்டிருக்கிறார். "காஞ்சிபுரமா ஆரணியா?" என்று அமுதா பதில் கேட்டிருக்கிறார். அப்புறம் மாஸ்டர் தெரிந்தே அந்தத் தப்பான எண்ணுக்குப் போன் போட்டார். பனகல் பூங்காவில் முதன்முதலாகப் பார்க்கப் போன அமுதா, எதிரே வந்த உருவத்திடம் நடுங்கிக்கொண்டே, "அவரு வரலீங்களா? நீங்க அவருக்கு அண்ணனா?" என்றார். "அந்த ஒடம்பப் பாத்து ஓடியே போயிருப்பேன் மேடம். வாயத் தொறந்து பேசுனாரு, நின்னுட்டேன்" என்று பின்னாளில் என்னிடம் சொன்னார்.

"மேடை மேடையா ஏறி ஊருக்கே ஒடம்பக் காட்டிட்டேன் மேடம். அவளுக்குப் புடிச்ச ஒண்ண மட்டும் எவனும் காட்ட உட மாட்டேன்றான். ஒரே ஒருவாட்டி என் கொரலு டிவில வந்தா அவ ஒக்காந்து பாப்பா" என்றார் மாஸ்டர். அவர் என்னிடம் கேட்ட ஒரே சிபாரிசு இதுதான்.

சேனலில் கேட்டேன். ஜனங்கள் சிரிப்பார்கள் என்றார்கள். வந்ததே எனக்கு ஆத்திரம். குரலை வெட்டினால் கதையே விழுந்துவிடும்படி ஒரு கதை எழுதினேன். ஊரில் பலருக்குக் கொலை மிரட்டல் போன் வருகிறது. குரல் கீச்சுக் குரல். போலீஸ் ஒரு பெண்ணைத் தேடி அலைகிறது. கடைசிக் காட்சியில் கதவு திறக்கிறது, மாஸ்டர் நிற்கிறார், இன்ஸ்பெக்டரைப் பார்த்து, "பேசினது நான்தான் சார்" என்கிறார். அவ்வளவுதான் வசனம். கோடம்பாக்கத்தில் படப்பிடிப்பு முடிந்த அன்று அவர் என் கையைப் பிடித்துக் குலுக்கியதில் இரண்டு நாள் என்னால் பேனா பிடிக்க முடியவில்லை.

ஒளிபரப்பு அன்று மதியம், முடிந்த படத்தை ஒருதரம் பார்க்க அவரையும் அழைத்துக்கொண்டு வடபழனி டப்பிங் கூடத்துக்குப் போனேன். போன் காட்சிகளிலெல்லாம் அவர் குரல் அழகாகக் கீச்சிட்டது. கடைசியில் கதவு திறந்தது. மாஸ்டர் வாயைத் திறந்தார். இடி இடிப்பதுபோல் கட்டைக் குரல், "பேசினது நான்தான் சார்" என்றது.

யாரும் வேண்டுமென்று செய்யவில்லை. போனில் வந்த குரலுக்கு முகம் இல்லை, அதனால் விட்டுவிட்டார்கள். மாஸ்டர் முகம் வந்ததும் பழக்க தோஷத்தில் வழக்கமான குரலைப் பொருத்திவிட்டார்கள். நான் போட்ட கூச்சலில் பக்கத்து அறையில் அழுகைக் காட்சிக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்த பெண் நிஜமாகவே அழுதுவிட்டாள். "இப்பவே அவரைப் பேச வையுங்கோ" என்று மாஸ்டரை மைக் முன்னால் தள்ளினேன்.

அங்கேதான் வினை. மைக்கைப் பார்த்ததும் மாஸ்டர் நெஞ்சை நிமிர்த்தி, தொண்டையைச் செருமி, அந்தக் கட்டைக் குரல்காரரைப் போலவே பேச ஆரம்பித்தார்! "என்ன மாஸ்டர் இது?" என்றேன். "டிவின்னா இப்டிதானே மேடம் பேசணும்?" என்றார். வியர்த்துக் கொட்டியது அவருக்கு. மறுபடி கட்டை, மறுபடி கட்டை. ஒலிப்பதிவாளர் கடிகாரத்தைப் பார்த்தார். எனக்குப் பொறுமை போய்விட்டது. "அன்னிக்குப் புடவைக் கடைக்குப் போன்ல பேசினேளே, அந்த மாதிரி பேசுங்கோ மாஸ்டர்!" என்று கத்தினேன்.

அவர் கண்ணை மூடிக்கொண்டார். "பேசினது நான்தாம்மா" என்றார்.

'சார்' என்பது 'ம்மா' ஆகிவிட்டது. மறுபடி எடுக்க நேரமில்லை, அப்படியே போய்விட்டது. அன்றிரவு தமிழ்நாடு முழுக்க டிவியில், கொலை மிரட்டல் விட்டவன் மீசை வைத்த இன்ஸ்பெக்டரைப் பார்த்து மெல்லிய குரலில் 'அம்மா' என்றான். மறுநாள் சேனலில் என்னைக் கூப்பிட்டு, "அந்த 'ம்மா'ல குலையே நடுங்கிடுச்சு மேடம், எப்படி யோசிச்சீங்க?" என்றார்கள். நானும் யோசித்தவள் போலவே தலையாட்டிக்கொண்டேன். மாஸ்டரைத் தெருவில் பார்த்தவர்கள், பேசச் சொல்லிக் கேட்டுவிட்டுப் பயந்து ஒதுங்கினார்கள். "இவ்ளோ வருசம் வெயிட்டு தூக்குனேன் மேடம், எவனும் பயப்படல. கொரலுக்குப் பயப்படுறானுங்க!" என்று அவருக்கு ஒரே கொண்டாட்டம்.

அமுதா என்ன சொன்னார் என்று அவரிடம் கேட்டபோது, "பாத்தா. ஒண்ணும் சொல்லல" என்று மட்டும் சொன்னார். துக்கத்துக்குப் போன அன்று அமுதா என் கையைப் பிடித்துக்கொண்டு, "அந்த இன்ஸ்பெக்டரப் பாத்தா சொன்னாரு மேடம்? என்னப் பாத்துத்தான சொன்னாரு" என்றார்.

மாஸ்டரிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது ஒரு வழக்கம். கதைப் பிரதியில் சின்ன அடியாள் பெயர் வந்தாலும் பக்கத்தில் 'சொந்தக் குரல்' என்று எழுதிவிடுகிறேன். சேனலில் அதை அடித்துவிடுகிறார்கள். திரும்ப எழுதுகிறேன். நேற்று அடியாள் வேஷத்துக்கு வந்த ஒருவர் அதைப் படித்துவிட்டு, "நானேவா பேசணும் மேடம்? கேட்டா எங்க வீட்ல நம்பவே மாட்டாங்க" என்றார். "நீங்கதான் பேசணும்" என்று சொல்ல வாயெடுத்தேன். எனக்குத்தான் குரல் வரவில்லை.